உறங்காப்புளி: குருகூர் மரத்தின் வரலாறு

உறங்காப்புளி என்பது ஆழ்வார்திருநகரி ஆதிநாதர் கோயிலுக்குள், நம்மாழ்வார் சந்நிதியை ஒட்டி நிற்கும் புளியமரம். சீவலப்பேரியில் சிற்றாறு வந்து கலந்தபின் தாமிரபரணி ஸ்ரீவைகுண்டத்தைக் கடந்து இந்த ஊரை அடைகிறது.  சீவலப்பேரியிலிருந்து கீழே இறங்க இறங்க ஆற்றின் இரு கரையிலும் வைணவத் தலங்கள் நெருங்கிக்கொண்டே போகும். ஆழ்வார்திருநகரியின் பழைய பெயர் திருக்குருகூர்.

இந்த மரத்தைப் பற்றி ஊரார் சொல்வது இரண்டு: இரவில் இலை மூடுவதில்லை, பூக்கும், காய்க்கும், ஆனால் பழுப்பதில்லை. இது எவ்வளவு பெரிய விலக்கு என்பது மற்றப் புளியமரங்களைப் பார்த்தவர்களுக்கே விளங்கும். அவற்றில் பொழுது சாயச் சாயச் சிற்றிலைகள் இணை இணையாகக் கவிந்து ஒட்டிக்கொள்ளும். பகலில் அடர்ந்து தெரிந்த கிளை இருட்டும்போது மெலிந்து தொங்கும். ஒவ்வொரு சிற்றிலையின் அடியிலும் உள்ள சிறு புடைப்பில் நீர் ஏறுவதும் இறங்குவதுமே இதற்குக் காரணம். விடிந்தால் மறுபடி விரியும்.

தாவரத்துக்குள் ஒரு கடிகாரம் இருக்கிறது என்ற சிந்தனையின் முதல் தடயமும் புளியமரத்தில்தான் கிடைக்கிறது. கி.மு. 4ஆம் நூற்றாண்டில் அலெக்சாந்தரின் கடற்படையைச் சேர்ந்த ஆண்ட்ரோஸ்தெனிஸ், இன்றைய பஹ்ரைன் தீவில் இரவில் இலை மூடிப் பகலில் திறக்கும் ஒரு மரத்தைக் கண்டார். மரம் தூங்குகிறது என்று தீவுவாசிகள் சொன்னதாகக் கிரேக்க அறிஞர் தியோஃப்ராஸ்டஸ் எழுதிவைத்திருக்கிறார். அது புளியே என்பது பெரும்பாலான அறிஞர்களின் கருத்து. 1729இல் பிரான்சில் டி மைரான் ஒரு தொட்டாற்சுருங்கி இனச் செடியை இருட்டில் வைத்துப் பார்த்தார். வெயில் படாமலேயே அது வேளை தவறாமல் இலை விரித்தது. உயிரினங்களின் இந்த உள்கடிகாரம் இயங்கும் விதத்தைக் கண்டறிந்த மூவருக்கு 2017இல் நோபல் பரிசு கிடைத்தது. அவர்கள் ஆராய்ந்தது பழ ஈயை.

ஆக, நேரம் காட்டும் மரம் என்று உலகம் முதலில் குறித்துக்கொண்ட மரத்தையே குருகூர் நேரம் நின்றுபோன மரமாக ஆக்கியிருக்கிறது. இதைக் குருட்டு நம்பிக்கை என்று தள்ளிவிட முடியாது. புளியின் இலை தினமும் செய்வதைக் கவனித்தவர்களால்தான், அது செய்யாமல் நிற்பதை அதிசயமாகச் சொல்ல முடியும்.

தலபுராணத்திலும் காலமே நடுவில் நிற்கிறது. அயோத்தியில் இராமனைத் தனியே பார்த்துப் பேசக் காலன் தவசி வடிவில் வருகிறான். யாரையும் உள்ளே விடக்கூடாது என்பது ஏற்பாடு. வாசலில் காவல் நின்ற இலக்குவன், அங்கு வந்து உள்ளே போகவேண்டும் என்ற துர்வாச முனிவரின் சாபத்துக்கு அஞ்சி உள்ளே போய்விடுகிறான். அதற்குத் தண்டனையாக அசையாத மரமாகப் பிறக்கிறான். இராமன் நம்மாழ்வாராக வந்து 16 ஆண்டுகள் அவன் நிழலில் இருக்கிறான் என்பது குருகூர்க் கதை. வனவாசத்தின் 14 ஆண்டும் கண் மூடாதவன் இலக்குவன். அவன் மரமானாலும் தூங்கமாட்டான் என்பது இந்த ஊரின் கணக்கு.

நம்மாழ்வார் காரியாருக்கும் உடையநங்கைக்கும் பிறந்தவர். பிறந்த குழந்தை அழவில்லை, பால் குடிக்கவில்லை. பெற்றோர் கோயிலுக்குக் கொண்டுவர, குழந்தை புளியமரத்தடியை அடைந்து யோகத்தில் அமர்ந்தது. பக்கத்துத் திருக்கோளூரைச் சேர்ந்த மதுரகவி வடக்கே அயோத்தியில் இருந்தபோது தென்திசையில் ஒளி கண்டு, அதைத் தொடர்ந்து வந்து அவரைப் பேசவைத்தார். திருவிருத்தம், திருவாசிரியம், பெரிய திருவந்தாதி, திருவாய்மொழி என்ற நான்கும் அதன்பின் பிறந்தவை.

காலக் கணக்கு இங்கேதான் சிக்கலாகிறது. கலியுகம் தொடங்கிய 43ஆம் நாள் நம்மாழ்வார் அவதரித்தார் என்பது வைணவ மரபு. அதன்படி 5,000 ஆண்டுகளுக்கு மேல் ஆகின்றன. வரலாற்று ஆய்வாளர்கள் பலர் அவரைக் கி.பி. 9ஆம் நூற்றாண்டை ஒட்டி வைக்கிறார்கள். மரபின் கணக்கில் அவருக்கும், மறைந்துபோன பாசுரங்களை மீட்ட நாதமுனிகளுக்கும் இடையே மூவாயிரம் ஆண்டுக்கு மேற்பட்ட இடைவெளி விழுகிறது. அந்த இடைவெளியை அடைத்தது புளியமரம். காட்டுமன்னார்கோயிலிலிருந்து வந்த நாதமுனிகள் மரத்தடியில் அமர்ந்து, மதுரகவியின் 'கண்ணிநுண் சிறுத்தாம்பு' பதிகத்தைப் பன்னீராயிரம் முறை ஓதினார். ஆழ்வார் தோன்றி ஆழ்வார்களின் நாலாயிரம் பாசுரங்களையும் தந்தார் என்கிறது வைணவ ஆசிரியர்களின் வரலாறான குருபரம்பரை. ஆசிரியர் வரிசை அறுந்துபோன இடத்தில் உறங்காத மரம் ஒன்று தேவைப்பட்டிருக்கிறது. காலம் பின்னோக்கி மட்டும் வளையவில்லை. மதுரகவி தாமிரபரணி நீரைக் காய்ச்ச, பின்னால் பிறக்கப்போகிற இராமானுசரின் திருமேனி முதலில் வந்தது என்றும், மறுபடி காய்ச்சியபோதுதான் நம்மாழ்வார் திருமேனி கிடைத்தது என்றும் சொல்வார்கள். அந்த முதல் திருமேனிக்குப் பவிஷ்யதாசார்யர், அதாவது வருங்கால ஆசாரியர், என்று பெயர்.

14ஆம் நூற்றாண்டில் தில்லிப் படைகள் தெற்கே வந்தபோது ஆழ்வாரின் திருமேனி மலையாள நாட்டுக்குப் போயிற்று, ஊர் காடு மண்டிப்போயிற்று. சிலையைத் தூக்கிச் செல்லலாம், மரத்தைத் தூக்க முடியாது. வைணவ ஆசாரியர் திருவாய்மொழிப்பிள்ளை காட்டைத் திருத்தி ஊரை மறுபடி நிறுவி, ஆழ்வாரைத் திரும்ப எழுந்தருளச் செய்தார். 

உறங்காப்புளி என்ற பெயர் குருகூருக்கு மட்டும் உரியதல்ல. நாகை அருகே திருக்கண்ணங்குடியிலும் ஒன்று பேசப்படுகிறது. நாகப்பட்டினத்துப் பொன் புத்தர் சிலையைத் திருமங்கையாழ்வார் புதைத்துவைத்து, தூங்காமல் காவல் இரு என்று புளிக்குச் சொன்னாராம். அங்கே மரத்துக்கு ஓர் இரவு வேலை. குருகூரில் யுகக் கணக்கு. பொதுவாக ஊர்ப்புறங்களில் புளியமரத்தடி என்றாலே பேய்க்கதைதான். குருகூரில் அந்த இடத்தில் ஆழ்வார் இருக்கிறார்.

மரத்தின் வயது 5,000 ஆண்டுகள் என்பதைத் தாவரவியல் ஏற்பது கடினம். பெங்களூரு அருகே நல்லூர்ப் புளியந்தோப்பில் கரிமக் கணிப்பு செய்த மரம் 400 ஆண்டுகளுக்குச் சற்று மேற்பட்டது. அதுவே பெரிய வயது. ஆனால் முதிர்ந்த புளி வேரிலிருந்து தளிர்விட்டு அதே இடத்தில் புதிதாக எழக்கூடியது. குருகூரில் தண்டு பொந்து விழுந்திருக்கிறது, மேலே கிளை பசுமையாக இருக்கிறது. மரத்தைச் சுற்றிய மேடையில் திவ்ய தேசப் பெருமாள்களின் உருவங்கள் செதுக்கப்பட்டிருக்கின்றன. வைகாசித் திருவிழாவின் ஐந்தாம் நாள் நவதிருப்பதி எனப்படும் ஒன்பது தலங்களின் பெருமாள்கள் ஒன்பதின்மரும் கருட வாகனத்தில் இந்த ஊரில் கூட, நம்மாழ்வார் அன்ன வாகனத்தில் எழுந்தருளுகிறார்.