வெயிலில் செய்த நிலா

சென்ற வாரம் பழவேற்காட்டின் கோட்டைக்குப்பம், ஆண்டிக்குப்பம் மீனவர்கள் மீன்பிடி இடங்களை முறைவைத்துப் பகிர்ந்துகொள்ளும் பாடு முறையைப் பார்த்தோம். இந்த வாரம் பழவேற்காட்டிலிருந்து பக்கிங்ஹாம் கால்வாயைப் பிடித்துத் தெற்கே எண்ணூர் வரை போய்வருவோம். 1957-இல் தமிழிலும் தெலுங்கிலும் வந்த ‘மாயா பஜா’ரில் நிலவொளியில் ஓடம் விடும் பாட்டு ஒன்று உண்டே, அதன் வெளிப்புறக் காட்சிகளை எண்ணூரில்தான் எடுத்தார்கள். கேமரா மார்க்கஸ் பார்ட்லி. படம் பிடித்தது பட்டப்பகலில்!

பௌர்ணமி நிலவு எவ்வளவு பளிச்சென்று காய்ந்தாலும் அன்றைய பிலிமுக்குப் போதாது. ஆகவே வெயிலையே நிலவாக்க வேண்டும். பொதுவான வழி, சூரியனுக்கு எதிர்முகமாகக் கேமராவை வைத்து லென்ஸ் துவாரத்தைச் சுருக்குவது. கரையும் மரமும் இருளில் அமுங்கிவிடும். அலை நுனியில் தெறிக்கும் வெயில் மட்டும் வெள்ளியாக மின்னும். வானத்தைக் கூடியவரை காட்ட மாட்டார்கள். காட்டித்தான் ஆகவேண்டுமென்றால் சிவப்பு பில்டர் போட்டு நீலத்தைக் கறுக்க வைப்பார்கள். நம்பாதவர்கள் காலையில் பழவேற்காடு படகுத்துறையில் சூரியனைப் பார்க்க நின்று, கண்ணை முக்கால்வாசி மூடித் தண்ணீரைப் பாருங்கள். தண்ணீர் சுலபம். எதிர்வெயிலில் கதாநாயகி சாவித்திரியின் முகம் கரியாகிவிடுமே, அதுதான் சிக்கல். முகத்துக்குத் தனியாக வெளிச்சம் தர வேண்டும்; ஒரு பிடி கூடினாலும் நிலவு போய் விளக்கு தெரிந்துவிடும். பார்ட்லியின் கைப்பக்குவம் அங்கேதான்.

1917-இல் ஏற்காட்டில் ஓர் ஆங்கிலோ இந்தியக் குடும்பத்தில் பிறந்தவர். பத்திரிகைப் படக்காரர், பிறகு செய்திப்பட கேமராமேன். ஓடுகிற சம்பவத்தை, கிடைத்த வெளிச்சத்தில், ஒரே தடவையில் பிடித்தாக வேண்டிய வேலை அது. 1945-இல் ‘ஸ்வர்க்க சீமா’வுக்காக வாகினி படக் கம்பெனிக்கு வந்து, ‘பாதாள பைரவி’, ‘மிஸ்ஸியம்மா’ என்று விஜயா - வாகினியின் கண்ணாகவே ஆகிவிட்டார். மாயாஜாலப் படங்களுக்கு ஒரு செய்திப்படக்காரர் இவ்வளவு பொருந்திப்போனது வியப்பில்லை என்பேன். நிஜ வெளிச்சம் எப்படி விழும் என்று தெரிந்தவனால்தான் பொய் வெளிச்சத்தை நம்பவைக்க முடியும்.

மீனவக் குப்பத்தை அவர் கதைக்களமாகவே படம்பிடித்தது கேரளக் கரையில். ராமு காரியாட்டின் ‘செம்மீன்’ (1965), தென்னிந்தியாவிலிருந்து ஜனாதிபதி தங்கப் பதக்கம் பெற்ற முதல் படம். அதில் ஈஸ்ட்மென் கலர். கடல் கடலாகவே இருக்கிறது. வண்ண ஒளிப்பதிவுக்கான 1969-ஆம் ஆண்டுத் தேசிய விருது ‘சாந்தி நிலைய’த்துக்குக் கிடைத்தது. எனக்கென்னவோ எண்ணூர்த் தண்ணீரைத்தான் முதலில் வைக்கத் தோன்றும்.

பிறகு எண்ணூர்க் கரையில் காலம் மாறிவிட்டது. 1970-இல் எண்ணூர் அனல் மின் நிலையம் வந்தது. பின்னாளில் கொசஸ்தலையாற்றில் சாம்பல் படிந்தது. அந்தக் கதை தனியாக வரும். படத்தைத் தேடுபவர்களுக்கு ஒன்று: தெலுங்கு ‘மாயா பஜா’ருக்கு 2010-இல் கணினியில் வண்ணம் பூசி வெளியிட்டார்கள். பார்ட்லி எண்ணிச் செய்தது கறுப்பு வெள்ளைக்கு. அதையே பாருங்கள்.