காசுக்கு ஒரு நாள்: தஞ்சைப் பெருந்தெரு வணிகரும் ‘நகரத்தார்’ என்னும் சொல்லும்

சோழர் கால வணிகம் என்றதும் ஐந்நூற்றுவர், மணிக்கிராமம் என்னும் வணிகக் குழுக்கள், குதிரை, கப்பல், சுமத்திரா என்று பேச்சு கடல் தாண்டிவிடும். தெருவோரம் உட்கார்ந்து உப்பும் புளியும் நிறுத்துக் கொடுத்தவன் அந்தப் பேச்சில் வருவதில்லை. வந்தாலும் ‘நகரம்’ என்ற அமைப்புக்குள் நுழைந்து காணாமல் போய்விடுகிறான். அவன் அப்படிக் காணாமல் போனதில் கென்னத் ஹால் 1980இல் வெளியிட்ட, சோழர் காலத்து வணிகத்தையும் ஆட்சியையும் பற்றிய நூலுக்குப் பெரும்பங்கு உண்டு என்பது என் கருத்து.

ஹாலுக்கு உரியதை முதலில் கொடுத்துவிட வேண்டும். நகரத்தை ஊராட்சி மன்றங்களின் பட்டியலில் மூன்றாவதாக, ஊர், சபை, நகரம் என்று ஒப்பித்துவிட்டு நகர்வதே பழைய வழக்கம். அதைப் பொருளாதாரத்தின் நடுவில் கொண்டுவந்து வைத்தவர் அவர். அவர் வரைந்த படத்தில் ‘நாடு’ எனப்பட்ட வட்டாரப் பிரிவு ஒவ்வொன்றுக்கும் ஒரு நகரம் உண்டு. உழவரின் விளைச்சல் அங்கே வந்து சேரும். வெளியூர்ச் சரக்கோடு வரும் வணிகக் குழுக்களும் அந்த நகரத்தின் வழியாகத்தான் நாட்டுக்குள் விற்க முடியும். நகரத்தார் இரு பக்கத்துக்கும் நடுவே நிற்கும் வாயிற்காவலர். படம் மிக நேர்த்தியானது. எனக்குத் தொல்லையே அந்த நேர்த்திதான்.

ஒரு நாட்டுக்கு ஒரு நகரம் என்ற கணக்கைப் பின்வந்த ஆய்வாளர்கள் ஆட்சேபித்துவிட்டார்கள். அந்த எண்ணிக்கைச் சண்டையில் எனக்கு ஆர்வம் குறைவு. கல்வெட்டில் பெயர் வராத நகரம் இல்லாத நகரம் ஆகிவிடாது. பெயர் வந்த நகரமெல்லாம் சந்தை என்றும் சொல்லிவிட முடியாது. என் ஆட்சேபம் வேறு. ஹாலின் நகரத்தார் எப்போதும் ஒரே குரலில் பேசுகிறார்கள். எண்ணெய் விற்ற சங்கரப்பாடியாரும் துணி நெய்த சாலியரும் தனித்தனி நகரத்தாராகவே கல்வெட்டுகளில் வருகிறார்கள். அவர்கள் எல்லோரையும் ஒரே வாயிலில் காவல் நிறுத்திவிட்டால், வாயிலுக்கு உள்ளே யார் யாருக்கு எதை விற்றார்கள் என்ற கேள்வியே எழாமல் போகிறது.

இதற்குத் தஞ்சைப் பெரிய கோயிலில் ஒரு சான்று இருக்கிறது. கல்வெட்டறிஞர் ஹுல்ச் பதிப்பித்த ‘தென்னிந்தியக் கல்வெட்டுகள்’ இரண்டாம் தொகுதியில் உள்ளது, பலர் எடுத்தாண்டதுதான். ஆனால் எடுத்தாண்டவர்கள் பெரும்பாலும் விலைவாசிக்காகத்தான் அதைத் தொட்டார்கள்.

இராசராசன் பிள்ளையார் கணபதியாருக்கு நாள்தோறும் 150 வாழைப்பழம் அமுது செய்விக்க ஏற்பாடு செய்கிறான். ஆண்டுக்கு 54,000 பழம். காசுக்கு 1,200 பழம் என்று விலை வைத்தால் 45 காசு வேண்டும். பொலிசை என்னும் வட்டி ஆண்டுக்குக் காசுக்கு அரைக்கால், அதாவது நூற்றுக்குப் பன்னிரண்டரை. எனவே முதல் 360 காசு. இந்த முதலைத் தஞ்சாவூர்ப் புறம்படியில், அதாவது ஊரின் புறப்பகுதியில், இருந்த நித்தவிநோதப் பெருந்தெரு, மும்முடிசோழப் பெருந்தெரு, வீரசிகாமணிப் பெருந்தெரு, திரிபுவனமாதேவிப் பேரங்காடி ஆகியவற்றின் நகரத்தார் பெற்றுக்கொள்கிறார்கள்.

இந்தக் கணக்கை ஒருமுறை தாளில் போட்டுப் பார்த்தேன். ஒரு காசின் ஆண்டுப் பொலிசை அரைக்கால் காசு. காசுக்கு 1,200 என்றால் அரைக்கால் காசுக்கு 150 பழம். ஆக, முதலாக வைத்த ஒவ்வொரு காசும் சரியாக ஒரு நாள் பழத்தை ஈனுகிறது. ஆண்டுக்கு 360 நாள். முதலும் 360 காசு. பின்னம் எதுவும் மிஞ்சவில்லை. சந்தையில் பழம் விற்ற விலை இவ்வளவு வசதியாகவா அமையும்? 1,200 என்பது கடைவீதி விலையல்ல, கோயில் கணக்கன் எழுதுகோலைக் கையில் வைத்துக்கொண்டு வளைத்த விலை என்றே எனக்குப் படுகிறது. அன்றைய பழ விலைக்குச் சான்றாக இதை எடுத்துக்காட்டும் வழக்கத்தை நாம் கொஞ்சம் நிறுத்திவைப்பது நல்லது. உண்மை விலைக்கு மிகத் தொலைவில் இருந்திருந்தால் வணிகர்கள் ஒப்பியிருக்க மாட்டார்கள் என்று யாராவது மறுக்கலாம். நியாயமான மறுப்புதான். ஆனால் அரசன் கொடுக்கும் காசை மறுக்கும் இடத்தில் அவர்கள் இருந்தார்களா?

நிலமுடைய சபைகளிடம் இதே கோயில் வைத்த முதல்களுக்கு வட்டி நெல்லாகவோ காசாகவோ வந்தது. நெல் அறுவடையின்போது வரும், அளந்தால் தீர்ந்தது. பெருந்தெருக்காரனுடைய கடனோ தினக் கடன். ஆடிக் காற்றில் வாழை சாய்ந்தாலும் திருவிழாவில் தார் விலை ஏறினாலும் அன்றன்றைக்கு 150 போய்ச் சேர வேண்டும். பொலிசை பழமாகவே வரவேண்டியிருந்தது, விலையேற்றத்தின் இழப்பு வணிகன் தலையில்தான் விழுந்தது என்பது என் வாசிப்பு. வேறு விதமாகப் படிக்க இடமே இல்லை என்று சாதிக்க மாட்டேன். ஆனால் கணக்கின் ஒவ்வொரு படியும் பழத்தின் எண்ணிக்கையிலிருந்தே தொடங்குகிறது. காசு அந்த எண்ணிக்கைக்குப் பின்னால் வருகிறது.

ஹாலிடம் திரும்புவோம். தஞ்சாவூர் இருந்தது பாண்டியகுலாசனி வளநாட்டுத் தஞ்சாவூர்க் கூற்றத்தில். கூற்றம் என்பது நாட்டுக்கு நிகரான பிரிவு. அந்த ஒரே கூற்றத்தில், ஒரே ஊரின் புறம்படியில், தெருவுக்குத் தெரு நகரத்தார். அவர்கள் நான்கு நகரங்களா, ஒரு நகரத்தின் நான்கு கிளைகளா? கல்வெட்டின் சொல்லமைப்பு இரண்டுக்கும் இடம் தருகிறது. நான் முதலாவதன் பக்கமே சாய்கிறேன். கடனுக்குப் பொறுப்பேற்றது தஞ்சாவூர் நகரம் என்ற பொதுப்பெயர் அல்ல, தெருப்பெயர். பக்கத்துக் கடைக்காரன் பழம் கொண்டுவரவில்லை என்றால் கேட்கப்படப்போவது அந்தத் தெருக்காரர்கள்தான். ‘நகரத்தார்’ என்ற சொல்லுக்கு இங்கே நாடு தழுவிய சந்தை என்று பொருள் கொள்ள வழியில்லை. ஒரு தெருவில் கடை வைத்து ஒருவருக்கொருவர் ஈடாக நின்றவர்கள் என்று கொள்ளலாம்.

தஞ்சை தலைநகரம், அதை விதியாக்கலாமா என்று கேட்டால், கூடாது. நித்தவிநோதன், மும்முடிசோழன் இரண்டும் இராசராசனின் பட்டப்பெயர்கள். இராசராசன் பட்டமேறியது 985இல். கோயில் கலசம் ஏறியது 1010இல். அப்படியானால் அந்தப் பெயர்களோடு அந்தத் தெருக்களுக்கு வயது அதிகம் போனால் ஒரு தலைமுறை. பழைய தெருக்களுக்குப் புதுப்பெயர் சூட்டினார்களா, வெளியூர்ச் செட்டிகளைக் கொண்டுவந்து குடியேற்றினார்களா என்பதைப் பெயரை மட்டும் வைத்துத் தீர்க்க முடியாது. குடியேற்றம் என்றால், அரசன் காசை மறுக்கும் இடத்தில் அவர்கள் இல்லை என்ற என் ஐயம் இன்னும் வலுக்கிறது.

கடைக்காரனின் சுதந்திரம் எவ்வளவு என்பதற்குக் காஞ்சிபுரத்திலிருந்தும் ஒரு வெளிச்சம் உண்டு. உத்தம சோழனின் செப்பேட்டில் ஊரகத்துப் பெருமாள் கோயிலுக்குக் கோல்நிறைக் கூலியும் கால் அளவு கூலியும் உரியவையாகின்றன. நிறுத்து விற்றாலும் அளந்து விற்றாலும் அதற்கு ஒரு கூலி. தராசு கடைக்காரன் கையில் இருக்கலாம். அதன் வருவாயில் கோயிலுக்கு ஒரு பங்கு. அந்தக் கோயிலின் காரியம் பார்க்க அமர்த்தப்பட்டவர்களோ அதே நகரின் நெசவுச் சேரிக்காரர்கள். வசூலிப்பவனும் கொடுப்பவனும் ஒரே கடைவீதிக்காரர்கள்! ஹாலின் வாயிற்காவலர் படத்தில் இந்தச் சிக்கலுக்கு இடமில்லை.

கல் மறைக்கும் இன்னொரு கூட்டமும் உண்டு. சிலப்பதிகாரம் புகாரை வருணிக்கும்போது விற்பவர்களைச் சரக்கின் பெயராலேயே அடையாளம் காட்டுகிறது. கள் விற்ற பெண்களுக்குக் ‘கள்நொடையாட்டியர்’ என்று தனிச்சொல்லே வைத்திருக்கிறது. கல்வெட்டின் நகரத்தாருக்குள் அந்தப் பெண்களைத் தேடினால் கிடைப்பதில்லை. விற்பதை அவர்கள் நிறுத்தியிருப்பார்கள் என்று நான் நம்பவில்லை. கோயில் முதல் வாங்கிப் பொறுப்பேற்கும் கூட்டத்தில் அவர்கள் சேர்க்கப்படவில்லை, அவ்வளவுதான்.

கடைசியாக ஒரு சொல். சோழர் கல்வெட்டுகளில் வரி அங்காடிப் பாட்டம். விசயநகரக் காலப் பட்டியல்களில் தறி இறை, செக்கு இறையோடு கடை இறை வந்து உட்கார்ந்துவிடுகிறது. அங்காடி என்பது பலர் கூடி விற்கும் இடம். கடைக்கு வாயில் என்ற பழைய பொருள் உண்டு. தலைக்கடை, புழைக்கடை என்ற சொற்களில் அது இன்னும் உயிரோடு இருக்கிறது. கூட்டாக உட்கார்ந்த இடத்துக்கு விதித்த வரி, வீட்டு வாயிலில் தனியாக உட்கார்ந்தவன் மேல் விதித்த வரியாக மாறியதா? இரண்டு வரிப்பெயர்களை வைத்துக்கொண்டு இவ்வளவு பெரிய மாற்றத்தைக் கட்டுவது துணிச்சல்தான். ஆனாலும் தெருவோடு சேர்த்துப் பேசப்பட்டவன் தனியாள் ஆனதன் தடம் இங்கேதான் தெரிகிறது என்று நினைக்கிறேன். எந்த நூற்றாண்டில் என்றால், பதின்மூன்றுக்கும் பதினைந்துக்கும் இடையே எங்கோ என்பதற்கு மேல் நெருக்கிச் சொல்லத் துணியவில்லை. மலையாளத்தில் அங்காடி இன்றும் பேச்சில் நிற்கிறது. நம் பக்கத்தில் பலகையில் ‘நியாயவிலை அங்காடி’ என்று எழுதியிருக்கும். வரிசையில் நிற்பவர்கள் ரேஷன் கடை என்றுதான் சொல்வார்கள்.