வாய்தா தவறிய வழக்குகள்

உரிமையின்றித் தோற்கும் வழக்குகள் உண்டு. உரிமையிருந்தும், அழைத்த நாளில் ஆளில்லாமல் தள்ளுபடியாகும் வழக்குகளும் உண்டு. பின்னதே நம் கவலை.

இவ்விதி பழமையானது. 1859 ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டத்திலேயே இடம்பெற்றது. தேனாம்பேட்டைவாசிகளான நாம் நாடும் சென்னை மாநகர உரிமையியல் நீதிமன்றம் 1892 ஆம் ஆண்டுச் சட்டத்தால் அமைந்தது. அங்கு இன்று நடைமுறையிலிருப்பது 1908 ஆம் ஆண்டுச் சட்டம். அதன் 9 ஆவது கட்டளைப்படி, எதிர்வாதி வந்து வாதி வராமல் வழக்குத் தள்ளுபடியானால், அதே காரணத்திற்குப் புது வழக்குத் தொடர இயலாது. தக்க காரணம் காட்டிப் பழைய வழக்கையே மீட்கக் கோர வேண்டும். அதற்கு 1963 ஆம் ஆண்டுக் காலவரம்புச் சட்டம் தரும் அவகாசம் 30 நாட்களே. பிந்தினால், தாமதத்தை மன்னிக்கத் தனி மனு வேண்டும்.

1981 இல் ரஃபீக் வழக்கில், வழக்கறிஞர் வராத குற்றத்திற்குக் கிராமத்துக் கட்சிக்காரர் துன்புறலாகாது என்று உச்ச நீதிமன்றம் இரங்கியது. ஆனால் 1993 இல் சலில் தத்தா வழக்கில், கல்கத்தாவிலேயே தலைமையகம் கொண்ட நிறுவனத்திற்கு அச்சலுகையை மறுத்தது.

மாநகரில் வாழும் நாம் இவ்விருவரில் யாருக்கு ஒப்பாவோம்? சிந்திப்போமாக! வக்ஃபு சொத்து நம்மிடமுள்ள அமானிதம். நிர்வாகிகள் மாறலாம், வழக்கு எண்ணும் வாய்தா நாளும் ஏட்டிலிருந்து மறையலாகாது. பொறுப்பு ஒப்படைக்கும் நாளில், சாவிக்கொத்துடன் அந்த ஏட்டையும் ஒப்படைப்போம். வல்ல அல்லாஹ் நமக்கு உதவி புரிவானாக!