தோற்பாவை நிழற்கூத்து

தோலில் வெட்டிய உருவங்களை விளக்குக்கும் திரைக்கும் நடுவே ஆட்டி, அவற்றின் நிழலைப் பாட்டோடும் பேச்சோடும் கதையாக்கிக் காட்டும் கலை. ஒளியும் ஒலியும் போலவே நீண்ட இரவும் இதற்கு இன்றியமையாதது; சில மரபுகளில் ஒரு கதை முடியப் பல இரவுகள் ஆகும். தமிழ்நாடு, கேரளம், கர்நாடகம், ஆந்திரம், ஒடிசா, மகாராஷ்டிரம் ஆகிய மாநிலங்களில் வெவ்வேறு பெயர்களில் வழங்குகிறது.

தோற்றம் குறித்து அறிஞர்களிடையே ஒருமித்த கருத்து இல்லை. ஜெர்மானிய வடமொழி அறிஞர் ரிச்சர்ட் பிஷெல் 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இந்தியாவே இதன் தாயகம் என்று வாதிட்டார். ஜாவாவின் ‘வயாங்’ பொ.ஆ. 907ஆம் ஆண்டுச் சாசனத்தில் குறிக்கப்படுவதைக் காட்டி அவ்வழக்கே மூத்தது என்போரும் உண்டு. அது நிழலாட்டம்தானா என்பதும் விவாதத்துக்குரியது. திருக்குறள் (1020) கயிற்றால் இயங்கும் மரப்பாவையைச் சொல்கிறது. வள்ளுவரின் காலத்தில் பாவையாட்டம் இருந்தது என்பதற்கு இது சான்று, நிழற்கூத்துக்குச் சான்றாகாது.

மிக விரிவாகப் பதிவாகியிருப்பது கேரளத்தின் பாலக்காட்டுப் பகுதி மரபே. பத்ரகாளி கோயில்களில் அம்மனுக்கு எதிரே இதற்கென்றே கூத்துமாடம் என்னும் நிலையான கட்டடம் உண்டு. நீளம் சுமார் 42 அடி. திரையின் மேற்பகுதி வெள்ளை, கீழ்ப்பகுதி கறுப்பு. திரைக்குப் பின்னால் நீளப் பலகையில் 21 விளக்குகள். தேங்காய் மூடிகளில் எண்ணெய் ஊற்றித் திரியிட்டவை. சன்னதியிலிருந்து கொண்டுவரும் நெருப்பால்தான் இவற்றை ஏற்றுவார்கள். பாவைகள் முன்பு மான் தோலில் செய்யப்பட்டன. இவற்றுக்கு வண்ணத்தால் வரும் அழகைவிடத் துளைகளால் வரும் அழகே பெரிது: ஆடையின் மடிப்பும் மார்பின் ஆரமும் உளியால் குத்திய சிறு துளைகளாக இருக்க, கரிய நிழலுக்குள் அவை ஒளிப்புள்ளிகளாகத் தெரியும். சுடர் அசைந்தால் அணிகலனும் மினுங்கும். போர்க் காட்சிகளில் குங்கிலியப் பொடியைச் சுடரில் வீச, திரை முழுதும் ஒரு கணம் பற்றி எரிவதுபோல் இருக்கும்.

கூத்து 7, 14, 21, 41 அல்லது 71 இரவுகள் நடைபெறும். தாரிகன் என்னும் அசுரனோடு போரிட்டுக்கொண்டிருந்ததால் பத்ரகாளியால் இராம இராவணப் போரைக் காண முடியவில்லை. அவளுக்காகவே ஆண்டுதோறும் அதை ஆடிக்காட்டுகிறார்கள் என்பது ஐதிகம். பாடப்படுவது கம்பராமாயணம். கம்பன் பாடல்களையும் அவற்றுக்குத் தமிழும் மலையாளமும் கலந்த உரைகளையும் கொண்ட ஏட்டுத் தொகுப்பு ‘ஆடல்பற்று’ எனப்படும். இம்மரபைத் தொடங்கியவர் சின்னத்தம்பிப் புலவர் என்பர். அவர் காலம் உறுதிப்படவில்லை. ஆட்டுவோர் அனைவருக்கும் புலவர் என்றே பெயர். ஒரே பாட்டைப் பிடித்துக்கொண்டு இலக்கணம், புராணம், தருக்கம் என்று இருவர் நெடுநேரம் வாதிடுவது வழக்கம். மலையாளம் வழங்கும் ஊர்களில் கம்பனின் தமிழ் இப்படி விடிய விடிய ஒலித்துவந்திருப்பது வியந்து போற்ற வேண்டிய செய்தி. தமிழ்நாட்டுக் கூத்தில்கூடக் கம்பனுக்கு இவ்வளவு இடம் கிடையாது.

1980களில் இதைக் களத்தில் ஆய்ந்த ஸ்டூவர்ட் பிளாக்பர்ன், பல இரவுகளில் திரைக்கு முன்னால் ஒருவர்கூட இல்லாமலே கூத்து முழுமையாக நடந்ததைப் பதிவுசெய்தார். அவருடைய நூல் 1996இல் வெளிவந்தது. கேட்பவள் அம்மன் என்பதால் புலவர்கள் ஒரு பாட்டையும் குறைப்பதில்லை.

தமிழ்நாட்டில் இக்கலையை நடத்துவோர் வீட்டில் மராத்தி பேசும் மண்டிகர். தஞ்சை மராத்தியர் ஆட்சியோடு (1676–1855) வந்தவர்கள் என்பது ஒரு கருத்து. கலை அதற்கு முன்பே இங்கிருந்தது என்பது மற்றொன்று. ஆட்டுத்தோலில் சாயம் ஏற்றிய இவர்களுடைய பாவைகள் திரையில் வண்ணமாகவே விழும். எல்லாப் பாத்திரங்களுக்கும் ஒருவரே குரல் மாற்றிப் பேசுவார். இராமாயணத்தோடு நல்லதங்காள், அரிச்சந்திரன் கதைகளும் உண்டு. உச்சிக்குடும்பன், உளுவத்தலையன் என்னும் கோமாளிகள் வந்தால்தான் கூட்டம் கலகலக்கும். மு. இராமசுவாமியின் ஆய்வு இம்மரபுக்கு முதன்மையானது.

கர்நாடகத்தில் இது ‘தொகலு கொம்பெயாட்ட’. ஆடுவோர் கிள்ளேக்யாத்தர், கோமாளிக்கும் கிள்ளேக்யாத்தன் என்றே பெயர், அவன் மனைவி பங்காரக்கா.

பாலக்காட்டுக் கூத்தைக் கோயிலுக்கு வெளியே மேடைக்குக் கொண்டுவந்தவர்களில் கிருஷ்ணன்குட்டிப் புலவர் முதன்மையானவர். அவர் மகன் இராமச்சந்திரப் புலவருக்கு 2021இலும், கர்நாடகத்தின் கொப்பள மாவட்டத் தோற்பாவைக் கலைஞர் பீமவ்வா சிள்ளேக்யாதருக்கு 2025இலும் பத்மஸ்ரீ அறிவிக்கப்பட்டது. அண்மைக்காலத்தில் கேரளத்தில் பெண்கள் குழுவும் ஆடுகிறது.

பெங்களூரு குமாரகிருபா சாலையிலுள்ள கர்நாடக சித்ரகலா பரிஷத்தில் எம். எஸ். நஞ்சுண்டராவ் முயற்சியால் திரட்டப்பட்ட தோற்பாவைகள் உள்ளன. அங்கே காணக் கிடைப்பது பாவை மட்டுமே. கூத்தைக் காண விரும்புவோர் ஜனவரி முதல் மே வரையிலான பருவத்தில் பாலக்காட்டுக் கோயில்களுக்குச் செல்லலாம்.