இயற்கை ஆவணப்பட இசை

காட்டுயிர்களையும் நிலப்பரப்பையும் காட்டும் ஆவணப்படங்களுக்கும் தொலைக்காட்சித் தொடர்களுக்கும் அமைக்கப்படும் பின்னணி இசையே இயற்கை ஆவணப்பட இசை. இவ்வகைப் படங்களில் வசனம் பெரும்பாலும் இருப்பதில்லை. அதன் வேலையை இசையும் வருணனைக் குரலும் பகிர்ந்துகொள்கின்றன.

தேவையும் செய்முறையும்

காட்டுயிர்க் காட்சிகள் பெரும்பாலும் தொலைவிலிருந்து டெலி லென்ஸால் எடுக்கப்படுகின்றன. லென்ஸ் உருவத்தை அருகே கொண்டுவரும், ஒலியைக் கொண்டுவராது. கோடியக்கரைச் சதுப்பில் தள்ளி மேயும் பூநாரை நீரை அளையும் ஓசை ஒலிவாங்கிக்கு எட்டாது. ஆகவே இத்தகைய ஓசைகளைத் தனியே பதிவு செய்தோ ஒலிக்கூடத்தில் உருவாக்கியோ சேர்க்கிறார்கள். அதன்மேல் வருவது இசை. படத்தொகுப்புக்குப் பின் இயக்குநரும் இசையமைப்பாளரும் படத்தைப் பார்த்து, இசை எங்கே தொடங்கி எங்கே நிற்க வேண்டும் என்று குறித்துக்கொள்கிறார்கள். ஒரே வேட்டைக் காட்சியில் பார்வையாளர் புலியின் பக்கம் நிற்பதா, மானின் பக்கம் நிற்பதா என்பதைப் பெரிதும் இசையே முடிவு செய்கிறது.

வரலாறு

டிஸ்னி நிறுவனத்தின் ‘தி லிவிங் டெசர்ட்’ (1953) படத்தில் தேள்களின் இணைசேர்க்கைக்கு நாட்டுப்புற நடன இசை சேர்க்கப்பட்டது. விலங்குகளைக் கேலிப்பொருளாக்குவதாக இதைப் பலர் குறை கூறினர். பிபிசியின் ‘லைஃப் ஆன் எர்த்’ (1979) தொடருக்கு எட்வர்ட் வில்லியம்ஸ் இசையமைத்தார். ‘தி புளூ பிளானெட்’ (2001), ‘பிளானெட் எர்த்’ (2006) தொடர்களில் ஜார்ஜ் ஃபென்டன் முழு ஆர்க்கெஸ்ட்ராவைப் பயன்படுத்தினார்.

இந்தியாவில்

1948இல் தொடங்கிய அரசு நிறுவனமான ஃபிலிம்ஸ் டிவிஷனின் ஆவணப்படங்கள் பலவற்றுக்குப் புல்லாங்குழல் கலைஞர் விஜய ராகவ ராவ் இசையமைத்தார். ‘வைல்ட் கர்நாடகா’ (2019) படத்துக்கு இசை ரிக்கி கேஜ். ஆங்கில வருணனை டேவிட் அட்டன்பரோ. முதுமலை தெப்பக்காட்டில் எடுக்கப்பட்டு 2023இல் ஆஸ்கர் வென்ற ‘தி எலிஃபன்ட் விஸ்பரர்ஸ்’ படத்துக்கு ஸ்வென் ஃபோக்னர் இசையமைத்தார்.

காவிரிப் படுகை

நிலத்தையும் இசையையும் இணைத்துப் பார்ப்பது தமிழில் பழைய மரபு. தொல்காப்பியம் திணைக்குரிய கருப்பொருள்களில் பறையையும் யாழையும் சேர்க்கிறது. காவிரிப் படுகையிலுள்ள தஞ்சை வயல்வெளி மருதத் திணையைச் சேர்ந்தது. நெல்லரிகிணை என்னும் பறையும் மருத யாழும் அதற்கு உரியவை என அகப்பொருள் நூல்கள் கூறும். புவிசார் குறியீடு பெற்ற தஞ்சாவூர் வீணையும் நரசிங்கம்பேட்டை நாதசுரமும் இப்பகுதியின் இன்றைய அடையாளங்கள். ஆனால் நாதசுரம் ஒலித்ததும் தமிழருக்குக் கோயிலும் கல்யாணமும் நினைவுக்கு வரும். பறவைக் கூட்டத்தின்மேல் அதை ஒலிக்கவிட்டால் காட்சி மனிதச் சடங்காகிவிடும். எனவே இப்படுகையைப் படமாக்குவோர் கருவியைத் தேர்ந்தெடுக்கும்போது, அது எந்த ஊருடையது என்பதோடு கேட்பவர் மனத்தில் எதை எழுப்புகிறது என்பதையும் எண்ணிப் பார்க்க வேண்டியுள்ளது.