மருமக்கள்வழி மான்மியம்

நாஞ்சில் நாட்டு மருமக்கள்வழி மான்மியம், கவிமணி தேசிக விநாயகம் பிள்ளை (1876–1954) இயற்றிய அங்கத நெடும்பாடல். சொத்துரிமை விதியும் நீதிமன்ற வழக்கும் ஒரு குடும்பத்தை அழித்த கதையை எள்ளலோடு சொல்கிறது. 1917–18இல் 'தமிழன்' இதழில் தொடராக வந்து, பின்னர் நூலாயிற்று.

பின்னணி

இன்றைய கன்னியாகுமரி மாவட்டத்தின் தோவாளை, அகஸ்தீஸ்வரம் வட்டங்கள் நாஞ்சில் நாடு எனப்படும். திருவிதாங்கூர் ஆட்சியில் இங்கு வாழ்ந்த வேளாளரில் ஒரு பிரிவினர் மருமக்கள்வழியினர். இம்முறையில் குடும்பச் சொத்தை அதன் மூத்த ஆணான காரணவர் நிர்வகிப்பார். அவருக்குப்பின் உரிமை சகோதரியின் மகனுக்குப் போகும். இதே முறையைப் பின்பற்றிய நாயர் பெண்களைப் போலத் தாய்வீட்டில் தங்காமல், நாஞ்சில் வேளாளர் மனைவி கணவன் வீட்டில் வாழ்ந்தாள். அவன் இறந்ததும், உழைத்துக் காத்த வீட்டில் அவளும் பிள்ளைகளும் அயலாராயினர். 'உகந்துடைமை' என்ற சிறு பங்குக்கே வழியிருந்தது.

அமைப்பு

காரணவர் ஒருவரின் ஐந்தாம் மனைவி தன் கதையைத் தானே சொல்வதாகப் பாடல் அமைந்துள்ளது. தலங்களின் பெருமை கூறும் மான்மிய வடிவமும் காப்பியப் படல வைப்பும் வீட்டுச் சண்டைக்குப் பயன்படுகின்றன. கம்பனின் 'குலமுறை கிளத்து படல'த்தில் விசுவாமித்திரர் இராமனின் குலப்பெருமையைச் சனகனுக்கு எடுத்துரைப்பார். கவிமணி அதே தலைப்பைக் காரணவர் குடும்பத்துக்குச் சூட்டுகிறார். மாமியார் அதிகாரம் 'மாமி அரசியற் படலம்' ஆகிறது. வழக்காடிச் சொத்தழிந்த கதைக்குக் 'கோடேறிக் குடிமுடித்த படலம்' என்று பெயர். கோடு என்பது கோர்ட்டின் நாஞ்சில் வழக்கு.

மருமக்கள்வழியை மலையாளத்தில் மருமக்கத்தாயம் என்பர். ஓ. சந்துமேனோனின் மலையாள நாவல் 'இந்துலேகா' (1889) மருமக்கத்தாயக் குடும்பத்தைக் காதல் கதைவழி விமரிசித்தது. சார்லஸ் டிக்கன்ஸின் 'பிளீக் ஹவுஸ்' (1852–53) நாவலில், இழுத்தடித்த வாரிசு வழக்கின் செலவே சொத்து முழுவதையும் விழுங்கிவிடும். மான்மியம் இவ்விரண்டு பொருளையும் ஒரு பெண்ணின் பேச்சுமொழியில் இணைக்கிறது. இங்கே தனிமனிதக் கொடுமையைவிடச் சொத்துரிமை விதியே பெரிய குற்றவாளி: மருமகன் சட்டப்படி நடந்தாலும் பிள்ளைகள் தெருவுக்கு வருகிறார்கள்.

தாக்கம்

சீர்திருத்தம் கோரிய சமுதாய இயக்கத்துக்கு இந்நூல் வலுச்சேர்த்தது. 1926இல் திருவிதாங்கூர் அரசு நாஞ்சில் நாட்டு வேளாளர் சட்டத்தை இயற்றி, மனைவி மக்களின் சொத்துரிமையை ஏற்றது. 1956ஆம் ஆண்டின் இந்து வாரிசுரிமைச் சட்டம், மருமக்கத்தாயத்தை வரையறுக்கும் பிரிவில் நாஞ்சில் நாட்டு வேளாளர் சட்டத்தைப் பெயர் சொல்லிக் குறிப்பிடுகிறது.