அரியலூர் மண்ணில் ஒரு பழங்கடற்கரை

பெரம்பலூர், அரியலூர் மாவட்டங்கள் என்றதும் நம் மனக்கண்முன் தோன்றுவன மானாவாரி நிலங்களும், பருத்தியும் மக்காச்சோளமும், சுண்ணாம்புக்கல் ஏற்றிச் செல்லும் லாரிகளுமே. அரியலூரிலிருந்து கடல் கிழக்கே ஏறத்தாழ 80 கிலோமீட்டர் தொலைவில் உள்ளது. ஆயினும் இவ்வட்டாரத்து ஓடைக்கரைகளில் சிப்பிகளும் சங்குகளும் கல்லாகிக் கிடக்கின்றன. ஏலாக்குறிச்சி அடைக்கல அன்னையின் திருத்தலத்துக்கு அரியலூர் வழியாகச் செல்லும் நம் மக்களில் பலர், தாம் கடந்து போவது ஒரு பழங்கடலின் தரை என்பதை அறியார்.

ஏறத்தாழ 11 கோடி ஆண்டுகளுக்கு முன் கிழக்கிலிருந்து கடல் உட்புகுந்து இந்நிலத்தை மூடிற்று. பின்வாங்கியும் மீண்டும் முன்னேறியும் அது நெடுங்காலம் இங்கே உலவியது. மேற்கேயிருந்து வந்த ஆறுகள் மணலையும் களிமண்ணையும் கொணர்ந்து கரையோரத்தில் சேர்த்தன. அவ்வாறு படிந்த அடுக்குகளே இன்று பாறைகளாக நிற்கின்றன.

அக்கரையில் வாழ்ந்த உயிர்கள் எத்தனை! கல்லக்குடிப் பகுதியில் பவளங்கள் வளர்ந்தன. காரை என்னும் ஊரருகே உள்ள களிமண் மேடுகளில் சுறாமீன்களின் பற்கள் கிடைத்துள்ளன. சுருண்ட ஓடு கொண்ட அம்மோனைட்டுகளும் அங்கே உண்டு. இவை கணவாயின் தூரத்து உறவினம். டைனோசர்கள் அழிந்த காலத்தையொட்டி, ஏறத்தாழ 6 கோடியே 60 இலட்சம் ஆண்டுகளுக்கு முன், உலகினின்றே மறைந்தவை. கல்லங்குறிச்சியில் சிப்பிகள் அடுக்கடுக்காகச் செறிந்து பாறையாயின. கல்லமேட்டின் ஆற்றுப்படிவுகளிலோ டைனோசர் எலும்புகள் அகப்பட்டன.

இவற்றுள் மிகுந்த புகழ் பெற்றது சாத்தனூர்க் கல்மரம். கரையில் வளர்ந்த மரமொன்று வெள்ளத்தில் அடித்துவரப்பட்டுக் கடற்படிவுகளுள் புதைந்து கல்லாயிற்று. 18 மீட்டர் நீளமுள்ள இதனை 1940-ஆம் ஆண்டு புவியியல் அறிஞர் எம்.எஸ். கிருஷ்ணன் உலகுக்கு அறிவித்தார். இன்று அது தேசியக் கல்மரப் பூங்காவாகப் பாதுகாக்கப்படுகிறது.

அவருக்கு ஒரு நூற்றாண்டு முன்னரே இவ்வட்டாரத்துச் சிப்பிகள் ஆய்வுக்காக இலண்டன் சென்றிருந்தன. 1862-இல் பிளான்ஃபோர்டு என்பவர் இப்பாறைகளை ஊட்டத்தூர், திருச்சிராப்பள்ளி, அரியலூர் என மூன்று தொகுதிகளாக வகுத்தார். நம் ஊர்ப் பெயர்களைப் புவியியலார் இன்றும் உலகெங்கும் அப்படியே வழங்குகின்றனர்.

இத்தகைய நெடுங்காலக் கணக்கைக் கேட்கும்போது சிலர் உள்ளத்தில் தயக்கம் எழக்கூடும். தொடக்க நூல் கூறும் ஆறு நாள்களோடு இதனை எவ்வாறு இணைப்பது? இங்கு நாம் நினைவுகூர வேண்டியவர் நீல்ஸ் ஸ்டென்சன். கோபன்ஹேகனில் 1638-இல் பிறந்த இவர், 1666-இல் ஒரு சுறாவின் தலையை அறுத்து ஆராய்ந்தார். பாறைகளில் அகப்பட்ட விந்தைக் கற்கள் உண்மையில் சுறாப்பற்களே என்று கண்டார். கீழடுக்கு முந்தியது, மேலடுக்கு பிந்தியது என்னும் நெறியை 1669-இல் வெளியிட்டார். காரை மேட்டுக் களிமண்ணை இன்று படிப்பவரும் இந்நெறி கொண்டே படிக்கின்றனர். 1667-இல் கத்தோலிக்கரான அவர், பின்னர்க் குருவாகி, 1677-இல் ஆயரானார். 1988-இல் திருத்தந்தை இரண்டாம் யோவான் பவுல் அவருக்கு அருளாளர் பட்டம் அளித்தார். பாறையைப் படித்த கண்களே விவிலியத்தையும் பக்தியோடு படித்தன. தொடக்க நூல் படைத்தவர் யார் எனக் கூறுகிறது. பாறையடுக்குகள் படைப்பு கடந்துவந்த காலத்தைக் காட்டுகின்றன.

ஆனால் அவ்வடுக்குகள் எத்துணைக் காலம் எஞ்சியிருக்கும்? சிப்பியின் ஓடு சுண்ணாம்பு. சுண்ணாம்பே சிமெண்டின் மூலப்பொருள். எனவே அப்பழங்கடல் இட்டுச்சென்ற செல்வமே அரியலூரைச் சிமெண்டு ஆலைகளின் ஊராக்கியது. ஆயிரக்கணக்கான குடும்பங்கள் அதனால் உண்கின்றன. நம் வீடுகளும் ஆலயங்களும் சிமெண்டால்தான் எழுகின்றன. மண்ணடியில் மறைந்திருந்த அடுக்குகள் சுரங்கங்கள் தோண்டப்பட்டதால்தான் அறிஞர் கண்ணுக்குத் தெரிந்தன என்பதும் உண்மையே. ஆகவே சுரங்கங்களைப் பழித்துப் பேசிவிட்டு அமைதியடைவது நேர்மையாகாது.

எனினும், எடுத்த பாறை மீண்டும் விளையாது. ஓர் ஏரி தூர்ந்தால் வாரலாம். மரம் வீழ்ந்தால் நடலாம். அரைத்து எரித்த கடற்கரையை எவரும் திரும்ப ஆக்க முடியாது. காரை மேடுகளில் மழை அரித்து வெளிக்கொணரும் அம்மோனைட்டை அழகுக்காக எடுத்துச் செல்வதும் இழப்பே. அடுக்கினின்று பிரிந்த சிப்பி தன் காலத்தைச் சொல்லும் ஆற்றலை இழந்துவிடுகிறது.

வாரணவாசியில் புதைபடிமங்களுக்கென ஓர் அருங்காட்சியகம் உள்ளது. சாத்தனூரில் பூங்கா உள்ளது. இவை போதா. தோண்டப்படும் ஒவ்வொரு பகுதியிலும் மாதிரியாகச் சில அடுக்குகளையேனும் தொடாது விட்டுவைக்க வேண்டும் என்று கேட்பது வளர்ச்சிக்கு எதிரான கோரிக்கையன்று. உயிர்கள் நமக்குப் பயன்படுவதால் மட்டுமே மதிப்புடையன அல்ல, இறைவன் முன் தமக்கெனவே மதிப்புடையன என 2015-இல் திருத்தந்தை பிரான்சிஸ் தம் சுற்றுமடலில் கற்பித்தார். மனிதன் தோன்றுமுன்னரே வாழ்ந்து மறைந்த அம்மோனைட்டு நமக்கு எப்பயனும் தராத காலத்திலும் இறைவனின் படைப்பாகவே நீந்தியது.

நம் பங்குகளின் இளைஞர் குழுக்களும் மறைக்கல்வி மாணவர்களும் திருத்தலப் பயணத்தின்போது ஒரு பொழுது சாத்தனூரிலும் தங்கிச் செல்லலாம். தம் ஊர் நிலத்தடியில் கிடப்பது இன்னதென்று அறிந்த தலைமுறையே அதில் ஒரு பகுதியையேனும் காத்துத் தரும்படி கேட்கும்.